பிலா என்று ஒரு சொல்

1

சென்னையில் சேலையூரை விட்டு நாங்கள் இந்த ஊருக்கு வந்து இந்த மாதத்தோடு ஆறு வருடம். ஒரு கேக் வாங்கி வெட்டலாம் என்று என் மகள் தன்யா சொல்லியிருந்தாள். கேக் வாங்குவதற்குள் என் கணவர் பாஸ்கரின் படம் ஊர் ஃபேஸ்புக் குழுவில் வந்துவிட்டது.

இங்கிலாந்தின் வடக்குப் பக்கத்தில், மழையும் ஆடுகளும் மனிதர்களைவிட அதிகமாக இருக்கும் சின்ன ஊர் இது. நான் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை பார்க்கிறேன். பாஸ்கர் ஒரு சரக்குக் கிடங்கில் சூப்பர்வைசர். தன்யாவுக்குப் பன்னிரண்டு வயது. சனிக்கிழமைகளில் அவளுடைய நீச்சல் வகுப்பு முடியும்வரை பாஸ்கர் பக்கத்துப் பூங்கா பெஞ்சில் உட்கார்ந்திருப்பார். காதில் பாட்டை மாட்டிக்கொண்டு தூங்கி வழிவார் என்பதுதான் உண்மை.

அந்தச் சனிக்கிழமை ஊஞ்சலிலிருந்து ஒரு வெள்ளைக்காரக் குழந்தை விழுந்தது. நான்கு வயதிருக்கும். பாஸ்கர் ஓடிப்போய்த் தூக்கி, முழங்காலில் ஒட்டிய மண்ணைத் தட்டிவிட்டு, "ஒண்ணுமில்ல பாப்பா, ஒண்ணுமில்ல பாப்பா" என்றிருக்கிறார். அழுகிற குழந்தையைப் பார்த்தால் அவருக்கு இங்கிலீஷ் மறந்துபோகும். காப்பி வாங்கப் போயிருந்த குழந்தையின் அம்மா திரும்பி வந்தபோது அவள் காதில் விழுந்தது 'பாப்பா'. இவர்கள் பாஷையில் அதற்கு அப்பா என்று அர்த்தம். முன்பின் தெரியாத கறுத்த ஆள் ஒருவன் தன் பெண்ணைத் தூக்கி வைத்துக்கொண்டு, தன்னை அப்பா என்று கூப்பிடச் சொல்லிப் பழக்குகிறான் என்று அவள் நினைத்துவிட்டாள்.

அவள் போட்ட சத்தத்தில் கூட்டம் கூடிவிட்டது. தன்யா ஈரத் தலையோடு வெளியே வந்தபோது அவள் அப்பாவைச் சுற்றி ஐந்தாறு பேர் நின்றிருந்தார்கள். யாரும் கை வைக்கவில்லை, அதைச் சொல்லிவிட வேண்டும். பெயர் கேட்டார்கள், விலாசம் கேட்டார்கள், பூங்காவில் உனக்கு என்ன வேலை என்று கேட்டார்கள். சாயங்காலம் அவர் படம் குழுவில் வந்தது. 'உங்கள் பிள்ளைகளைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளுங்கள்' என்று மேலே எழுதியிருந்தது. கீழே படிக்கப் படிக்கத் தீராத அளவுக்குக் கருத்துகள். வேலையைப் பிடுங்கினார்கள், வீட்டைப் பிடுங்கினார்கள், இப்போது குழந்தையுமா என்று ஒருவர் கேட்டிருந்தார். எல்லாரையும் மூட்டை கட்டி அனுப்புங்கள் என்று இன்னொருவர்.

மறுநாள் ஒரு பெண் போலீஸ் வந்தார். மரியாதையாக பூட்ஸைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தார். பாஸ்கர் 'பாப்பா'வுக்கு அர்த்தம் சொல்லச் சொல்ல, எழுத்துக் கூட்டிக் குறித்துக்கொண்டார். அந்த அம்மாவிடமும் போய்ப் பேசினார். மூன்றாம் நாள் படத்தைக் குழுவிலிருந்து நீக்கிவிட்டார்கள். குழந்தையின் அம்மா பூப் படம் போட்ட ஒரு கார்டில் மன்னிப்புக் கேட்டு எழுதி அனுப்பியிருந்தாள். பாஸ்கர் அதை ஃபிரிட்ஜ் மேல் நிறுத்தி வைத்தார். அவருக்கு அதோடு விஷயம் முடிந்துவிட்டது.

என்னோடு வேலை செய்யும் ஜேனட், "அவங்க சொல்றது உங்கள மாதிரி ஆளுங்கள இல்ல, மத்தவங்கள" என்று ஆறுதல் சொன்னாள். நானும் தலையாட்டினேன். மற்றவர்கள் என்றால் படகில் வருகிறவர்கள். நாங்கள் விசா வாங்கி விமானத்தில் வந்தவர்களாக்கும் என்று எனக்குள் ஒரு கொழுப்பு எப்போதும் உண்டு. அது அன்றைக்குக்கூடக் குறையவில்லை.

2

போலீஸ் பெண் ஒரு படிவத்தை அனுப்பியிருந்தார். இன வெறுப்புச் சம்பவம் நடந்தால் நிரப்ப வேண்டிய படிவம். இந்த நாட்டில் உட்கார்ந்து அழுவதற்கு முன்னால்கூட உங்கள் இனம் என்ன, மதம் என்ன, பிறந்த நாடு எது என்று கட்டம் கட்டமாக டிக் செய்துவிட வேண்டும். பாஸ்கருக்கு இதிலெல்லாம் பொறுமை கிடையாது. நான்தான் சாப்பாட்டு மேசையில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு நிரப்பினேன்.

எட்டாம் பக்கத்திலோ ஒன்பதாம் பக்கத்திலோ ஒரு கேள்வி வந்தது. இதற்கு முன் உங்கள் வீட்டில் யாராவது இதுபோன்ற சம்பவத்தில் சம்பந்தப்பட்டதுண்டா? நான் யோசிக்கவே இல்லை. 'இல்லை'யை அழுத்தினேன்.

பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த தன்யா கேட்டாள். "அம்மா, நம்ம ஊர்ல ஒரு அங்கிள் எனக்கு போட்டோ காட்டினாரே. அவரைச் சுத்தியும் இப்படித்தானே நின்னாங்க. அவருக்கு என்ன ஆச்சு?"

அப்போது அவளுக்கு ஆறு வயது. மறந்திருப்பாள் என்று இத்தனை வருடமாக நம்பிக்கொண்டிருந்தேன்.

"யாரோ தப்பாப் புரிஞ்சுக்கிட்டாங்க. அடிச்சுட்டாங்க" என்றேன்.

"அடிச்சவங்கள யார் வரச் சொன்னா?"

ஏதாவது ஒரு பொய்யைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். அந்த ஃபேஸ்புக் படத்தில் அவள் அப்பா இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்ற கோலம் கண் முன்னால் வந்து தொலைத்தது.

"நான்தான்."

அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். பிறகு எழுந்து மாடிக்குப் போய்விட்டாள். நான் திரும்பவும் அந்தப் பக்கத்துக்குப் போய் 'இல்லை'யை 'ஆம்' என்று மாற்றினேன். விவரம் எழுதவும் என்று ஒரு பெட்டி திறந்தது. அதில் என்ன எழுதுவது? மறுபடியும் 'இல்லை' என்றே மாற்றி அனுப்பிவிட்டேன்.

3

அந்தப் பெட்டியில் எழுதாததை இங்கே எழுதுகிறேன்.

சேலையூரில், கேம்ப் ரோட்டிலிருந்து உள்ளே போகும் ஒரு குறுக்குத்தெருவில், முதல் மாடியில் எங்கள் வீடு. எதிரில் ஒரு அப்பார்ட்மென்ட் எழும்பிக்கொண்டிருந்தது. அதில் வேலை செய்தவர்கள் எல்லாரும் வெளி மாநிலத்துக்காரர்கள். அங்கேயே தகரக் கொட்டகை போட்டுத் தங்கியிருந்தார்கள். தெருவில் எல்லாருக்கும் அவர்கள் 'வடக்கன்'. எனக்கும்தான். அது ஒரு திட்டு என்று எனக்குத் தோன்றியதே இல்லை, திசையைத்தானே சொல்கிறோம் என்று ஒரு சமாதானம். நான் டிகிரி படித்தவள், பல் ஆஸ்பத்திரியில் ரிசப்ஷனில் உட்கார்ந்து வருகிற எல்லாரையும் சார், மேடம் என்று கூப்பிட்டவள். அவர்களில் ஒருவருடைய பெயர்கூட எனக்குத் தெரியாது. அவர்கள் பேசுவது இந்தி இல்லை என்பதுகூடத் தெரியாது.

அந்தச் சமயத்தில் பம்மலிலிருந்து முருகன் என்பவர் எங்கள் பாத்ரூமுக்கு டைல்ஸ் போட வந்தார். நல்ல வேலைக்காரர். காப்பி கொடுத்தால் புலம்பல் ஆரம்பித்துவிடும்.

"இன்னாத்த சொல்றது அக்கா. வடக்கன் வந்தப்புறம் நம்மள எவன் கூப்புடறான்? இதோ, எதிர்ல இம்மாம் பெரிய பில்டிங் கீது. அதுல ஒரு ரூம்பு கூட எனக்குக் குடுக்கல. அவன் பாதி கூலிக்கு ஒத்துக்கினு வந்துடறான். நம்ம வூட்ல அடுப்பு எரிய வாணாவா?"

அவர் சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் பாதி கூலி கொடுத்தவரை அவரும் திட்டவில்லை, நானும் திட்டவில்லை. அந்த பில்டர் காரில் வந்தால் தெருவே வணக்கம் வைக்கும். கொட்டகையில் இருந்தவர்கள்தான் எங்கள் வாய்க்கு அகப்பட்டார்கள்.

அதற்கு மேல் வாட்ஸ்அப். வடக்கிலிருந்து பிள்ளை பிடிக்கிறவர்கள் வந்திருக்கிறார்கள் என்று எங்கள் தெருக் குழுவில் தினம் ஒரு செய்தி வரும். யார் பிள்ளை, எந்த ஊர் என்று எதிலும் இருக்காது. எதற்கும் இருக்கட்டும் என்று நானும் இரண்டை என் பங்குக்கு அனுப்பி வைத்தேன்.

4

ஒரு சாயங்காலம். தன்யா ஸ்கூல் வேனிலிருந்து இறங்கி, கேட் பக்கத்தில் நின்று ஷூவில் மண்ணை உதறிக்கொண்டிருந்தாள். எதிர்க் கட்டடத்துச் செங்கல் அடுக்கின் மேல் உட்கார்ந்திருந்த கொட்டகை ஆள் ஒருவன் எழுந்து வந்தான். இருபத்தைந்து வயதிருக்கும். கையில் போன். நான் பால்கனியில் துணி எடுத்துக்கொண்டிருந்தேன். அவன் குனிந்து போனை அவளிடம் காட்டினான். தன் நெஞ்சைத் தட்டிக் காட்டி ஏதோ சொன்னான். அவள் தலைமேல் கை வைத்தான். என் காதில் விழுந்தது ஒரே ஒரு சொல்தான்.

பிள்ளை. பிள்ளை என்றுதான் எனக்குக் கேட்டது.

நான் கீழே ஓடியிருக்க வேண்டும். இருபது படி. ஓடவில்லை. போனை எடுத்துக் குழுவில் பேசி அனுப்பினேன். பதினொரு நொடிப் பேச்சு, இன்றைக்கும் எனக்கு வரி தவறாமல் நினைவிருக்கிறது. "எதிர் சைட்டு வடக்கன் ஒருத்தன் தன்யாவைப் பிடிச்சு வச்சுக்கிட்டு, போனைக் காட்டி, பிள்ளை பிள்ளைன்னு கூப்புடறான். யாராவது சீக்கிரம் வாங்க."

பிடித்து வைத்துக்கொண்டு என்று ஏன் சொன்னேன்? அவன் பிடிக்கவில்லை. அவசரத்தில் வாய் தவறிவிட்டது என்று வெகுநாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வாய் தவறவில்லை. அப்படிச் சொன்னால்தான் வருவார்கள் என்று தெரியும்.

வந்தார்கள். நான் படியிறங்கிப் போவதற்குள் பத்துப் பன்னிரண்டு பேர். எங்கள் பாத்ரூமில் வேலையாக இருந்த முருகன், என் குரலைக் கேட்டுச் சிமென்ட் கையோடு எனக்கு முன்னால் இறங்கி ஓடினார். முதல் அடி அவருடையது. நான் தன்யாவை இழுத்து முந்தானைக்குள் மறைத்துக்கொண்டேன்.

"பிள்ள புடிக்க வந்தியாடா?" என்று கேட்டுக் கேட்டு அடித்தார்கள். அவன் கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டு "மோ பிலா, மோ பிலா" என்றே திரும்பத் திரும்பச் சொன்னான். "பாரு, அவனே ஒத்துக்கிறான்" என்று யாரோ சொன்னார்கள். அவன் அதைச் சொல்லச் சொல்ல அடி கூடியது.

அவன் போன் என் காலடியில் வந்து விழுந்தது. திரையில் விரிசல் விழுந்திருந்தது, அணையவில்லை. அதில் ஒரு சின்னப் பெண். இரட்டைச் சடை, சீருடை, தன்யாவின் உயரம். பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும் முதல் நாள்போல் விறைத்துக்கொண்டு நின்றாள்.

எனக்கு அந்த நொடியே புரிந்துவிட்டது. நிறுத்துங்கள் என்று நான் கத்தினேனா? கத்தியதாகத்தான் பாஸ்கரிடம் அன்று சொன்னேன். கத்தவில்லை. கத்தினால் நான் சொன்னது தப்பு என்று ஆகிவிடும். அவர்களாகக் கை ஓய்ந்து விலகிய பிறகு, மேலே போய் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன். போனைத் துடைத்து அவன் சட்டைப்பையில் வைத்தேன். அவன் காதிலிருந்து ரத்தம் வந்துகொண்டிருந்தது. போலீஸ் ஜீப் வந்தது. யார் கூப்பிட்டது, யார் அடித்தது என்று கேட்டார்கள். யாருக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. கொட்டகைக்காரர்கள் அவனை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அந்த வாரமே கொட்டகையில் ஆள் மாறிவிட்டது. ஆறு மாதத்தில் எங்களுக்கு விசா வந்தது.

இங்கே வந்த இரண்டாம் வருடம், முதியோர் இல்லத்தில் ஒடிசாக்காரப் பெண் ஒருத்தி வேலைக்குச் சேர்ந்தாள். சாப்பாட்டு நேரத்தில் போனில் தன் மகனைக் கொஞ்சிவிட்டு, என்னிடம் திரும்பி, "மோ பிலா" என்றாள். ஒடியாவில் என் குழந்தை என்று அர்த்தமாம். சாப்பிட்டுக்கொண்டிருந்த டப்பாவை அப்படியே மூடி வைத்தேன். நம் பிள்ளையும் அவர்கள் பிலாவும் ஒன்றேதான். அவன் தன் குழந்தையைத்தான் சொன்னான், எனக்கும் சரியாகத்தான் காதில் விழுந்திருக்கிறது. கேட்ட சொல்லில் பிழையே இல்லை.

5

தன்யா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் பேசினாள். "அந்த லேடி அப்பாவுக்கு கார்டு அனுப்பினாங்க. நீ அவருக்கு என்ன அனுப்பின?"

"அவர் எங்க இருக்கார்னே தெரியாதும்மா."

"தேடினியா?"

பாஸ்கர், "ஆறு வருஷம் ஆச்சு, அதைப் போய் நோண்டாத" என்றார். எனக்கும் நோண்ட ஆசையில்லை. ஆனால் அவள் என்னைப் பார்த்த பார்வையைத் தாங்க முடியவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை, தெரிந்த ஒரே நம்பரான முருகன் நம்பருக்குப் போன் செய்தேன்.

"யக்கா, நல்லா கீறியா? இன்னா இவ்ளோ நாள் கழிச்சு? பாத்ரூம்ல தண்ணி கிண்ணி எறங்குதா?" என்றார்.

நான் சுற்றி வளைத்துக் கேட்டேன். அவர் சிரித்தார்.

"அவனா? பேரு சுதாமு. என்னாண்டதான்க்கா வேல செய்றான். நாலு வருசமா."

அவரே சொன்னார். "இன்னா பண்றது? நம்ம பசங்க எவனும் இந்த வேலைக்கு வர்றதில்ல. பொழிச்சலூர்ல ஒரு சைட்டுல பாத்தேன். எனக்கே ஒரு மாரி ஆயிட்ச்சு. நேரா போயி, டேய், ஒன்ன மொத அடி அடிச்சது நான்தான்டா, மன்னிச்சுக்கோன்னேன். ரெண்டு நாளு மூஞ்சி குடுக்கல. அப்பால வந்துட்டான். இப்போ எங்க ஏரியாக்காரனுங்கோ என்னயத் திட்றானுங்கோ, வடக்கன வச்சு வேல வாங்கறான்னு. நான் அன்னிக்கி பேசுன அதே பேச்சு. ஒரே பேஜாருக்கா."

"என்னைப் பத்தி..."

குரலைத் தாழ்த்தினார். "சேச்சே. ஒன்ன நான் காட்டிக் குடுப்பனா? குரூப்புல எவனோ போட்டான்னு சொல்லிக்கினேன். நீ கவலப்படாத."

கவலைப்படாதே என்றதும் நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதியை நினைத்தால்தான் இப்போது கூசுகிறது. சண்டைக்காரன் என்று நான் நினைத்திருந்த மனிதர் நேரில் போய் நின்று சொல்லிவிட்டார். நான் ஏழு கடல் தாண்டி உட்கார்ந்துகொண்டு, பெயர் வெளியில் வரவில்லையே என்று மூச்சு விட்டேன்.

6

மறு ஞாயிறு மத்தியானம், முருகன் கொடுத்த நம்பரில் சுதாமுக்குப் போன் செய்தேன். அங்கே சாயங்காலம். தன்யா மாடியில் இருந்தாள். சொல்ல வேண்டியதை ஒரு தாளில் எழுதி வைத்திருந்தேன், இரண்டே வரி.

"அக்கா, சொல்லுங்கோ. முருகன் அண்ணா சொன்னாரு, நீங்கோ பேசுவீங்கோன்னு. இருங்கோ, இந்தக் காது கேக்காது. அந்தப் பக்கம் வச்சிக்கிறேன்" என்றார்.

நான் தாளைப் பார்த்தேன். முதல் வரியை ஆரம்பிப்பதற்குள் அவர் பேச ஆரம்பித்துவிட்டார்.

"அன்னிக்கி நீங்கதான் அக்கா. அம்மாம் பேரு நின்னுகினு இருந்தாங்கோ, ஒருத்தரும் கிட்ட வரல. நீங்கோ வந்தீங்கோ. தண்ணி குடுத்தீங்கோ. போனு தொடச்சிப் பாக்கெட்டுல வச்சீங்கோ. என் பொண்டாட்டிகிட்ட எப்பவும் சொல்லுவேன், சேலையூர்ல ஒரு அக்கா கீறாங்கோன்னு. அந்த ஒரு அக்காவாலதான் நான் ஊருக்குத் திரும்பிப் போகல."

"சுதாம், நான் ஒண்ணு சொல்லணும்..."

"இருங்கோ அக்கா, என் பொண்ணு பேசணும்ன்றா."

போன் கை மாறியது. "வணக்கம் ஆன்ட்டி. நான் லிப்சா. அப்பா உங்களப் பத்தி நிறைய சொல்லிருக்காங்க." சுத்தமான தமிழ், ஒரு பிசிறு கிடையாது.

"என்ன படிக்கிற?"

"ஏழாவது. பம்மல்ல. தமிழ்ல நான்தான் ஃபர்ஸ்ட் மார்க். லைப்ரரில கதைப் புக்கு, மேகசின் எல்லாம் எடுத்துப் படிச்சிடுவேன். மிஸ்ஸு திட்டுவாங்க, பாடத்தப் படின்னு."

சிரித்தாள். இரட்டைச் சடை போட்டுக்கொண்டு விறைத்து நின்ற பெண் இவள்தான். நல்லாப் படிம்மா என்றேன். வேறு என்ன சொன்னேன் என்று நினைவில்லை. சுதாம் மறுபடியும் போனை வாங்கி, ஊருக்கு வந்தால் கட்டாயம் வீட்டுக்கு வர வேண்டும், மீன் குழம்பு வைப்போம் என்றார். வருகிறேன் என்றேன். தாளை நாலாக மடித்து வைத்துக்கொண்டேன்.

தன்யா படியிறங்கி வந்தாள். "சொன்னியாம்மா?"

"சொன்னேன்."

"அவர் என்ன சொன்னார்?"

"பரவால்லன்னார்."

அவள் வந்து என்னைக் கட்டிக்கொண்டாள். வெகுநாளைக்குப் பிறகு. நானும் கட்டிக்கொண்டேன். என் வாழ்க்கையில் இவ்வளவு கேவலமாக நான் என்றைக்கும் உணர்ந்ததில்லை.

7

அன்று சாயங்காலம் கேக் வெட்டினோம்.

இதை ஏன் எழுதுகிறேன் என்று பாஸ்கர் கேட்டார். மனசாட்சி, அது இது என்று ஏதோ சொல்லி மழுப்பினேன். உண்மை அவ்வளவு அழகாக இல்லை. தன்யா தமிழ் பேசுவாள், எழுத்துக் கூட்டக்கூடத் தெரியாது. கற்றுக்கொடுக்க எனக்கு நேரம் இல்லை, பிறகு அவளுக்கு விருப்பம் இல்லை. அதனால்தான் தமிழில் எழுத உட்கார்ந்தேன். பாரத்தையும் இறக்கிவைக்கலாம், மகளிடமும் மாட்டிக்கொள்ள வேண்டாம் என்று ஒரு குறுக்குப் புத்தி. நம் ஊர்ப் பத்திரிகையில் வந்தால் இங்கே யார் படிக்கப் போகிறார்கள்?

பாதி எழுதிய பிறகுதான் உறைத்தது, இதைப் படிக்கத் தெரிந்த பெண் ஒருத்தி பம்மலில் இருக்கிறாள். அன்றைக்கு எழுந்து போய்விட்டேன். நாலு நாள் இந்தப் பக்கமே வரவில்லை. சுதாமின் பெயரை மாற்றிவிடலாமா, லிப்சாவின் பெயரை எடுத்துவிடலாமா, தெருவை வேறு ஊருக்குக் கொண்டுபோய்விடலாமா என்று என்னென்னவோ யோசித்தேன். எதையும் மாற்றாமல் அனுப்புகிறேன். முதலில் தன்யாவுக்கு இதை வாய்விட்டுப் படித்துக் காட்டிவிட்டு அனுப்புகிறேன்.

லிப்சா, அன்றைக்கு உன் அப்பாவை அடிக்க ஆள் கூப்பிட்டது நான்தான். தண்ணீர் அப்புறம்தான் கொண்டுவந்தேன்.